பெயிண்ட் அடித்த வால்பேப்பரில் கொப்புளமா? ஒட்டுவதற்கு முன் கீறிப் பாருங்கள்

கீழக்கரையில் நாங்கள் குடியிருக்கும் வீட்டு முன்னறையில், பழைய வால்பேப்பரை உரிக்காமல் அதன் மேலேயே எமல்ஷன் அடித்திருக்கிறார்கள். போன வருஷம் ஐப்பசி மழை இறங்கியதும் அங்கங்கே கொப்புளம் கிளம்பியது. எல்லாவற்றிலும் பசை ஏற்றி அமுக்கினேன். பாதி நின்றது. மீதி, தை பிறப்பதற்குள் முன்னைவிடப் பெரிதாகப் புடைத்துவிட்டது. நின்றவற்றுக்குள் இருந்தது காற்று, புடைத்தவற்றுக்குள் இருந்தது உப்பு.

அதனால் முதல் வேலை, தட்டிப் பார்ப்பது. விரல் முட்டியால் தட்டிக்கொண்டே வாருங்கள். பொள்ளலாகக் கேட்கும் இடத்தைப் பென்சிலால் வட்டமிடுங்கள். கொப்புளம் சுவரின் நடுவில் சிதறிக் கிடந்தால் பெரும்பாலும் காற்றுதான். பெயிண்டில் உள்ள தண்ணீர் இறங்கிப் பழைய பசை இளகும், தாள் ஊறி விரியும், காய்ந்தபின் சில இடம் திரும்ப ஒட்டாது. தரையிலிருந்து இரண்டு மூன்று அடிக்குள் வரிசையாக இருந்தால் உள்ளே உப்பு என்று சந்தேகப்படுங்கள்.

அடுத்து, புது பிளேடால் கொப்புளத்தின் நடுவில் ஒரு கீறல். தாளில் பூவோ கோடோ இருந்தால் அதை ஒட்டியே கீறினால் தழும்பு தெரியாது. ஓரத்தை மெல்லத் தூக்கி டார்ச் அடித்துப் பாருங்கள். நான் பார்த்தபோது பூச்சின் மேல் பஞ்சு பிய்த்து வைத்ததுபோல வெள்ளையாக நூல் நூலாகப் பூத்திருந்தது. விரல் பட்டதும் மாவாக உதிர்ந்தது.

இப்படி இருந்தால் பசையைத் தொடவே வேண்டாம். காற்றில் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் சாதாரண உப்பே தண்ணீரை இழுத்துக் கசியும். வாடைக்காற்று அடிக்கும் மாதங்களில் நம் கடற்கரையில் அதற்குக் குறைவே இல்லை. அந்த இடத்துத் தாளை உரித்துவிட்டு, காய்ந்த பிரஷால் உப்பைத் தேய்த்துக் கூட்டி வெளியே கொட்டுங்கள். தண்ணீர் விட்டுக் கழுவினால் கரைந்து மறுபடி சுவருக்குள்ளேயே போய்விடும். ஓதம் எங்கிருந்து ஏறுகிறது என்று கொத்தனாரைக் கூப்பிட்டுக் காட்டாமல் மேலே எதையும் பூசாதீர்கள்.

உள்ளே வெறும் காற்றுதான் என்றால் கவலையில்லை. பெயிண்ட் ஏறிய தாள் விறைப்பாக இருக்கும், அப்படியே அமுக்கினால் வெடிக்கும். கீறல் வழியாகக் கொஞ்சம் வெதுவெதுப்பான தண்ணீர் விட்டு ஐந்து நிமிஷம் பொறுங்கள். ஃபெவிகாலைக் கெட்டிப்பால் பதத்துக்குக் கரைத்து, மெடிக்கல் கடையில் கிடைக்கும் 5 மி.லி. சிரிஞ்சில் தடித்த ஊசி மாட்டி உள்ளே ஏற்றுங்கள். கொப்புளம் ஒரு ரூபாய்க் காசு அளவுதான் என்றால் கீறலே வேண்டாம், ஊசித்துளை போதும்.

பழைய ஏடிஎம் கார்டில் துணி சுற்றி, ஓரத்திலிருந்து கீறலை நோக்கி இழுத்து வாருங்கள். பிதுங்கும் பசையை ஈரத் துணியால் உடனே துடைக்க வேண்டும். காய்ந்தால் அதன் மேல் அடிக்கும் பெயிண்ட் திட்டுத் திட்டாக மினுங்கும்.

ஒரு முழு நாள் காயவிட்டு, கீறலில் அக்ரிலிக் பட்டியை மெல்லிசாக இழுங்கள். பட்டி காய்ந்ததும் 220 நம்பர் உப்புத்தாளால் தேய்க்கலாம். வீட்டுப் பெயிண்டில் ஈயத்துக்கான வரம்பு நம் நாட்டில் அமலுக்கு வந்ததே 2017 நவம்பரில்தான். அதற்கு முந்தைய பெயிண்டாக இருந்தால் தூசி பறக்காமல் வாட்டர் பேப்பரை நனைத்துத் தேயுங்கள், பிள்ளைகளை அந்தப் பக்கம் விடாதீர்கள்.

பிறகு பிரைமர் ஒரு கை. ஒட்டிய இடத்துக்கு மட்டும் பெயிண்ட் அடித்தால் வெயிலில் வெளுத்த பழைய நிறத்தோடு சேராது, ரோலரால் அந்தச் சுவர் முழுக்க ஒரு கோட் ஓட்டிவிடுங்கள்.