கிளிநொச்சி முற்றத்தில் லைலாக்

கனடாவிலிருந்து வந்த சித்தி, ஊதா நிறத்தில் வாசமாகப் பூக்கும் குளிர்நாட்டுச் செடியான லைலாக்கின் விதை கொண்டுவந்து தந்தார். ஈர மணலில் பொதிந்து பிரிட்ஜில் இரண்டு மாதம் வைத்தேன். அந்தக் குளிர் கிடைத்தால்தான் ஒழுங்காக முளைக்கும். முளைத்தது. ஒரு சாண் வளர்ந்ததும் சோளகம் என்கிற தென்மேல் காற்று தொடங்கியது, இலை ஓரம் கருகியது. மண்தான் பிழை என்று மாட்டெரு போட்டேன், தென்னோலையால் பந்தல் கட்டினேன். ஒன்றும் சரிவரவில்லை.

அமெரிக்க விவசாயத் திணைக்களம் ஆண்டின் மிகக் குறைந்த வெப்பநிலையின் சராசரியை வைத்து இடங்களை 13 வலயங்களாகப் பிரித்திருக்கிறது; எண் கூடக் கூடக் குளிர் குறையும். சாதாரண லைலாக்குக்கு 3 முதல் 7 வரைதான் தோது. குளிர்காலம் முழுக்க இலையுதிர்த்து உறங்கினால்தான் அதன் மொட்டு ஒழுங்காக விரியும். இங்கே மார்கழி விடியற்காலையில் நாங்கள் நடுங்குவோம், ஆனால் வெப்பநிலை 20 பாகை செல்சியசைச் சுற்றியே நிற்கும். லைலாக்குக்கு அது கோடை! செடி தப்பியிருந்தாலும் பூத்திராது.

சரி என்று, குளிக்கிற தண்ணீர் ஓடும் பக்கம் பூமருதுக் கன்று நட்டேன். கிட்டத்தட்ட அதே ஊதா, வெயிலுக்கும் அஞ்சாது. மூன்றாம் வருடம் கொத்துக் கொத்தாகப் பூத்தது. வாசம்தான் இல்லை. அதற்குப் பக்கத்தில் மல்லிகை வைத்தேன். லைலாக்கும் மல்லிகையும் ஒரே தாவரக் குடும்பம்தானே!

சித்திக்குப் படம் அனுப்பினேன். "உது லைலாக் இல்லையேடா" என்றார்.