வலிக்கு ஒரு கோடு: வரையத் தெரியாதவர்களுக்கான செய்முறை

இது என் அம்மாவின் முட்டியில் தொடங்கியது. கம்பத்தில் விடியற்காலை ஜீப் ஏறி, கம்பம்மெட்டு வழியாக மலைக்குப் போய், ஏலக்காய் எடுத்துவிட்டு இருட்டும்போது வீடு திரும்புவார். ஏலச்செடியில் காய் மேலே காய்க்காது. தூரிலிருந்து கிளம்பும் சரத்தில், தரையோடு தரையாகக் கிடக்கும். நாள் முழுக்கக் குந்தி உட்கார்ந்து, குந்தியபடியே நகர்ந்துதான் எடுக்க வேண்டும். இருபது வருஷத்தில் இரண்டு முட்டியும் போய்விட்டன.

கோட்டயம் பக்கம் ஓர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனேன். "முட்டி ரொம்ப வலிக்குதும்மா" என்றார் அம்மா. வேலைக்குப் புதிதாக வந்திருந்த நர்ஸ் பெண்ணுக்குத் தமிழ் பழக்கமில்லை. மலையாளத்தில் வலிப்பது என்றால் இழுப்பது. முட்டியை எது இழுக்கிறது என்று அந்தப் பெண் விழித்தார். நான் "வேதனை" என்று திருத்தினேன், புரிந்துகொண்டார். எப்படிப்பட்ட வேதனை என்று அடுத்த கேள்வி. அம்மா "குடைச்சல்" என்றார். அதற்கு எனக்கு மலையாளம் வரவில்லை.

அம்மா என் பேனாவை வாங்கி, ஓ.பி. சீட்டின் பின்பக்கம் ஒரு வட்டம் போட்டார். வட்டத்துக்குள் ஒரு சுழி. உள்ளே போகப் போக அழுத்தி, நடுவில் காகிதம் பொத்துக்கொள்ளும்வரை சுழித்தார். நர்ஸ் அதைப் பார்த்தார், அம்மாவின் முட்டியைப் பார்த்தார். "மனசிலாயி அம்மே" என்றார்.

அம்மாவுக்குப் படம் வரைய வராது. பள்ளியில் ஓவியம் சொல்லிக்கொடுக்கும் எனக்கு அன்றைக்குத்தான் ஒன்று பிடிபட்டது. வலியை வரைய முகமோ கையோ காலோ வரையத் தெரிந்திருக்க வேண்டாம். வலிக்கு நாம் சொல்கிற சொல்லிலேயே கோடு இருக்கிறது. அதைக் காகிதத்துக்குக் கொண்டுவருவது எப்படி என்றுதான் இங்கே சொல்லப் போகிறேன்.

ஒரு விஷயம் முதலிலேயே. இது மருத்துவத்துக்கு மாற்று இல்லை. திடீர் நெஞ்சுவலி, ஒரு பக்கம் கை கால் விழுவது போன்றவற்றுக்கு உடனே ஆஸ்பத்திரி. வாழவே வேண்டாம் என்ற எண்ணம் வந்தால் 14416-க்கு அழையுங்கள். டெலி மனஸ் என்ற அரசு உதவி எண் அது. கட்டணமில்லை, இருபத்து நான்கு மணி நேரமும் எடுப்பார்கள், மலைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் அதே எண்தான்.

1. கரி சுடுங்கள்

கடையில் வாங்கும் கரிக்குச்சி தாராளமாகப் போதும். ஆனால் எங்கள் பள்ளத்தாக்கில் திராட்சைப் பந்தல் இருக்கும்போது கரிக்கு ஏன் காசு கொடுக்க வேண்டும்? ஐரோப்பிய ஓவியர்கள் பல நூறு வருஷமாகப் பயன்படுத்திய கரி, திராட்சைக் கொடியைச் சுட்டதுதான். கவாத்து வெட்டிய தோட்டத்தில் கேட்டால் கொடி சும்மாவே கிடைக்கும். (புதிதாக வெட்டிய முனையைக் கவனித்துப் பாருங்கள், சொட்டுச் சொட்டாக நீர் வடியும்.)

பென்சில் கனமுள்ள கொடிகளைப் பட்டை உரித்து, விரல் நீளத்துக்கு நறுக்கி, நன்றாகக் காயவிடுங்கள். பழைய பால் பவுடர் டின்னில் இடைவெளி இல்லாமல் அடுக்கி, மூடியில் ஆணியால் ஒரே ஒரு ஓட்டை போட்டு, இறுக மூடி, வெட்டவெளியில் விறகு நெருப்புக்குள் வையுங்கள். ஓட்டை வழியாகப் புகை வரும், சில நேரம் அந்தப் புகையே பற்றி எரியும், பயப்பட வேண்டாம். புகை முழுக்க நின்றதும் டின்னை எடுத்துவிடலாம். முழுக்க ஆறும்வரை மூடியைத் திறக்காதீர்கள். சூட்டோடு திறந்தால் காற்றுப் பட்டு எல்லாம் சாம்பலாகிவிடும்.

காகிதத்துக்குச் சார்ட் பேப்பர், அல்லது ஒரு பக்கம் காலியாக உள்ள பழைய காலண்டர் தாள். வழவழப்பாக இருந்தால் கரி பிடிக்காது.

2. சொல்லைக் கோடாக்குங்கள்

இந்தப் பகுதியை அவசரப்படாமல் செய்யுங்கள். எல்லாமே இதில்தான் நிற்கிறது.

ரொனால்ட் மெல்சாக் என்ற கனடா உளவியலாளர், நோயாளிகள் வலியைச் சொல்லப் பயன்படுத்தும் சொற்களைச் சேகரித்து, 1975-ல் ஒரு கேள்வித்தாளாக வெளியிட்டார். 78 சொற்கள், 20 பிரிவுகள். மெக்கில் வலிக் கேள்வித்தாள் என்று அதற்குப் பெயர். வலியின் அளவு மட்டும் தெரிந்தால் போதாது, தன்மையும் தெரிய வேண்டும் என்பது அதன் அடிப்படை. நம் பாட்டிமார் பேச்சில் அந்தப் பட்டியல் ஏற்கெனவே இருக்கிறது, அதிலும் பாதிச் சொற்கள் ஓசையோடு.

ஒரு தாளை எட்டுக் கட்டமாக மடியுங்கள். ஒரு கட்டத்துக்கு ஒரு சொல். முதலில் சொல்லை வாய்விட்டுச் சொல்லுங்கள், அப்புறம் கை போகட்டும்.

சுளீர்: ஒரே வீச்சு. தோளிலிருந்து கையை வீசி இழுங்கள். இரண்டாவது முறை அதன்மேல் போகக் கூடாது.

விண்விண்: குத்தி எடுப்பது, குத்தி எடுப்பது. இரண்டு குத்துக்கு நடுவிலுள்ள வெற்றிடமும் வலியின் பகுதிதான், அதை நிரப்பிவிடாதீர்கள்.

குடைச்சல்: அம்மா போட்ட சுழி. மெதுவாக, உள்நோக்கி, அழுத்தம் கூடக் கூட.

எரிச்சல்: கரியைப் படுக்கவைத்துத் தேய்த்து, விரலால் வெளிப்பக்கமாக இழுத்துவிடுங்கள். ஓரம் எங்கே முடிகிறது என்று தெரியக் கூடாது.

கடுப்பு: சின்னச் சின்னக் கோடுகள், ஒன்றையொன்று நெருக்கி, மூச்சுவிட இடமில்லாமல்.

மரத்துப் போவது: கட்டம் முழுவதையும் சாம்பல் நிறமாகத் தேய்த்துவிட்டு, நடுவில் ரொட்டித் துண்டால் ஒற்றி எடுங்கள். ரப்பர் வருவதற்கு முன்னால் ஓவியர்கள் கரியை அழித்தது ரொட்டியால்தான். அந்த வெள்ளைதான் மரத்த இடம்.

மீதி இரண்டு கட்டத்துக்கு உங்கள் வீட்டுச் சொற்களைப் போடுங்கள். இழுத்துப் பிடிப்பது, பிசைவது, சுருக்கென்பது, எது வேண்டுமானாலும்.

3. உடம்பைப் படுக்கவையுங்கள்

சார்ட் பேப்பர்களை ஒட்டித் தரையில் விரித்து, அதன்மேல் படுத்து, நம்பிக்கையான ஒருவரை உங்கள் உடம்பைச் சுற்றிக் கோடு போடச் சொல்லுங்கள். தென்னாப்பிரிக்காவின் கேப் டவுன் நகரில், 2000-களின் தொடக்கத்தில், எச்.ஐ.வி.யோடு வாழும் பெண்கள் தங்கள் கதையைச் சொல்ல இந்த முறையில் ஆளுயரப் படங்கள் செய்தார்கள். அங்கிருந்து பல நாடுகளுக்குப் பரவியது. படுக்க முடியாதவர்கள் ஒரு தாளில் கையளவு உருவம் போட்டுக்கொண்டாலும் போதும்.

வெளிக்கோடு கிடைத்ததும் கண்ணை மூடி, வலி எங்கே இருக்கிறது என்று தேடுங்கள். அந்த இடத்தில், அதற்கான கோட்டைப் போடுங்கள்.

குமுளி மலைப்பாதையில் ஒரு வளைவில் வண்டி சறுக்கி விழுந்ததில் எனக்கு இடுப்பில் அடி. வலி இடுப்பில் தொடங்கி இடது கணுக்கால்வரை ஓடும். நான் வரைந்தபோது அந்தக் கோடு காலுக்குள் அடங்கவில்லை. முழங்காலுக்குக் கீழே வெளிக்கோட்டைத் தாண்டி, காகிதத்தையும் தாண்டி, சிமென்ட் தரையில் ஒரு சாண் போய் நின்றது. பழக்கதோஷத்தில் அழித்துத் திருத்தப் போனேன், அப்புறம் விட்டுவிட்டேன். ராத்திரி இரண்டு மணிக்கு அந்தக் கால் அவ்வளவு பெரிதாகத்தான் இருக்கும். உங்களுக்கும் வலிக்கிற இடம் பெரிதாக வந்தால் பெரிதாகவே இருக்கட்டும்.

மெக்சிகோ ஓவியர் ஃப்ரீடா காலோ 1925-ல், பதினெட்டு வயதில், பஸ் விபத்தில் முதுகெலும்பு முறிந்து படுக்கையில் கிடந்தபோதுதான் மும்முரமாக வரையத் தொடங்கினார். 1944-ல் அவர் தீட்டிய உடைந்த தூண் என்ற ஓவியத்தில், முதுகெலும்பு இருக்க வேண்டிய இடத்தில் பல துண்டாக வெடித்த கல்தூண் நிற்கும். உடம்பெங்கும் சிறிதும் பெரிதுமாக ஆணிகள். கண்ணில் நீர் வழிந்தாலும் பார்வை நம்மை நேராகப் பார்க்கும். ஆணி எல்லாம் ஒரே அளவில் இல்லை என்பதைக் கவனியுங்கள். உங்கள் படத்திலும் எல்லா இடத்துக்கும் ஒரே அழுத்தம் கொடுக்காதீர்கள்.

இந்தப் படத்தை டாக்டரிடம் கொண்டுபோய்க் காட்டலாம். அவர்களே உருவப்படத்தில் குறித்துக் காட்டச் சொல்வதுண்டு.

4. மனசின் வலிக்கு

நெஞ்சு கனக்குது, தொண்டை அடைக்குது, வயித்தைப் பிசையுது, பெத்த வயிறு எரியுது. மனசின் வலியையும் நாம் உடம்பில் வைத்துத்தான் சொல்கிறோம். அதனால் மூன்றாம் படியில் போட்ட அதே வெளிக்கோட்டில் இதையும் போடலாம்.

ஆனால் சில துக்கம் உடம்புக்குள் வராது. அதற்குச் சங்கப் புலவர்கள் பழக்கிவைத்த வழி இருக்கிறது: இடத்தைச் சொல்லிவிடுவது. பிரிவுக்குப் பாலை, இரங்கலுக்கு நெய்தல். அழுகிறாள் என்று சொல்லாமல் கடற்கரையின் மாலைப்பொழுதைக் காட்டுவார்கள். உங்கள் துக்கம் எந்த இடம்? கம்பம் பள்ளத்தாக்கின் ஆடிக் காற்றா, எதிரே வருவது தெரியாத போடிமெட்டு மூடுபனியா? அதைப் போடுங்கள். மனிதர்கள் வேண்டாம்.

இடம் வராவிட்டால் ஒரு பொருள். அம்மா போய் இரண்டு வருஷம் ஆகிறது. அவர் முகத்தை வரைய உட்கார்ந்த ஒவ்வொரு முறையும் கை நின்றுவிட்டது. கடைசியில் அவர் ஜீப்பில் கொண்டுபோகும் எவர்சில்வர் தூக்குவாளியை வரைந்தேன். பக்கவாட்டில் ஒரு நசுங்கல். பிடியில், கை வழுக்காமலிருக்க அவர் சுற்றிய பழைய சேலைத் துணி, மூன்று சுற்று, ஒரு முடிச்சு. அந்த முடிச்சை மட்டும் வரைய ஒரு மணி நேரம் ஆனது. வரைந்து முடித்தபோது அழுதிருந்தேன்.

ஜெர்மானியக் கலைஞர் கேத்தே கோல்விட்சின் இளைய மகன் 1914-ல் போரில் இறந்தான். அவனுக்காக அவர் செய்த நினைவுச் சிற்பம் நிறுவப்பட்டது 1932-ல். முதலில் மகனின் உடலையும் வைப்பதாகத்தான் இருந்தார். கடைசியில் அவன் இல்லை. தாயும் தகப்பனும் தனித்தனிப் பீடத்தில், ஒருவரையொருவர் தொடாமல் மண்டியிட்டிருக்கிறார்கள். இத்தனை நாளில் முடித்துவிட வேண்டும் என்று நீங்களும் கணக்கு வைக்காதீர்கள். தாங்க முடியாமல் போனால் கரியைக் கீழே வைத்துவிட்டு, முகம் கழுவி, யாரிடமாவது போய் உட்காருங்கள். படம் காத்திருக்கும்.

கரி உதிராமலிருக்க, ஆடை நீக்கிய பாலில் தண்ணீர் கலந்து, ஸ்பிரே பாட்டிலில் தூரத்திலிருந்து லேசாக அடிக்கலாம். வான் கோ தன் சித்திரங்களுக்குப் பால்தான் பயன்படுத்தினார். யாருக்கும் காட்ட விருப்பமில்லையென்றால் சுருட்டிப் பரணில் வையுங்கள். அது உங்கள் உரிமை.

5. கரி போதாதபோது: காகிதக் கூழ்

கோடு பத்தவில்லை, வெட்ட வேண்டும், கிழிக்க வேண்டும் என்று கை துடிக்கும் நாட்களுக்கு இது. வங்காளக் கலைஞர் சோம்நாத் ஹோர், 1943 வங்கப் பஞ்சத்தை இளைஞனாக நேரில் பார்த்தவர். 1970-களில் காயங்கள் என்ற வரிசையை வெள்ளைக் காகிதக் கூழில் செய்தார். மையில்லை, நிறமில்லை. வெள்ளைப் பரப்பில் வெட்டும் துளையும் மட்டும்.

நாம் எளிய முறையில் செய்வோம். எழுதாத வெள்ளைத் தாளைக் கிழித்து இரவு முழுக்க ஊறவைத்து, சமையலுக்கு எடுக்காத பழைய மிக்ஸியில் அரைத்துக்கொள்ளுங்கள். ஊறவைத்த வெந்தயத்தை மைய அரைத்து ஒரு கைப்பிடி சேருங்கள். காகிதக் கூழில் கூடை செய்யும் நம் ஊர்ப் பெண்களின் பக்குவம் இது.

களிமண்ணை அரை அங்குலக் கனத்தில் தட்டி, அதில் கீறுங்கள், குத்துங்கள், நகத்தால் பிராண்டுங்கள். மண்ணுக்கு வலிக்காது, தயங்க வேண்டாம். அதன்மேல் கூழைக் கனமாக அப்பி, பழைய வேட்டித் துணியால் ஒற்றி ஒற்றி நீரை எடுத்து, நிழலில் இரண்டு நாள் விடுங்கள்.

ஹோர் நடுவில் சிமென்ட் அச்சு எடுத்ததால் அவர் வெட்டியது வெட்டாகவே வந்தது. நாம் நேராக மண்மேல் அப்புவதால் தலைகீழாக வரும். கீறிய பள்ளம் காகிதத்தில் மேடாக, தழும்பு மாதிரி எழுந்து நிற்கும். கண்ணை மூடி விரலால் தடவினால் நீங்கள் கீறிய ஒவ்வொரு கீறலும் தெரியும்.

உரிக்கும்போது ஓரத்தில் தொடங்கி, சுற்றிச் சுற்றிக் கொஞ்சம் கொஞ்சமாகத் தூக்குங்கள். ஆழமாகக் கீறிய இடத்தில் கூழ் கடைசியாகத்தான் காயும். அங்கே இன்னும் ஈரம் இருந்தால் இழுக்காமல் மறுபடி வைத்துவிட்டு, அடுத்த நாள் பாருங்கள்.