ஏஆர்-15 ரைஃபிளில் பூச்சிட்ட ஃபயரிங் பின் பொருத்தும் முறை

அமெரிக்காவில் ஏஆர்-15 வகை ரைஃபிள் வைத்திருப்பவர்கள் தாங்களே மாற்றிக்கொள்ளும் சிறு பாகங்களுள், தோட்டாவின் அடியை இடித்து வெடிக்கச்செய்யும் ஃபயரிங் பின்னும் ஒன்று. பொன்னிறத்தில் மின்னும் டைட்டானியம் நைட்ரைடு பூச்சிட்ட பின் ஒன்றை வாங்கி, பழையதை உருவி எடுத்துவிட்டு, அந்த இடத்தில் இதைச் செருகினால் வேலை முடிந்தது என்று பலர் நினைக்கிறார்கள். செருகுவதற்குச் சில நிமிடங்கள் போதும் என்பது உண்மைதான். ஆனால் அந்த ரைஃபிள் பாதுகாப்பாகச் சுடுமா என்பதைப் பூச்சின் நிறம் தீர்மானிப்பதில்லை. முனையின் வடிவமும், தோட்டா அறையைப் பின்னாலிருந்து அடைத்துப் பூட்டும் போல்ட்டின் முகப்பிலிருந்து அது எவ்வளவு நீட்டி நிற்கிறது என்ற அளவுமே தீர்மானிக்கின்றன. ஆகவே மாற்றும் முறையோடு அளந்து பார்க்கும் முறையையும் சேர்த்தே எழுதுகிறேன். ஃபயரிங் பின்னை இனி ஊசி என்றே குறிப்பிடுகிறேன்.

இங்கே சொல்லப்படுபவை அனைத்தும் அமெரிக்காவில், அந்தந்த மாநிலச் சட்டப்படி ரைஃபிள் வைத்திருப்பவருக்கு உரியவை. இந்தியாவில் 1959ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டப்படி துப்பாக்கியைப் பழுதுபார்ப்பதற்கே தனி உரிமம் வேண்டும் என்பதால், அங்கே உள்ளவர்கள் இத்தகைய வேலையை உரிமம் பெற்ற பழுதுபார்ப்பவரிடம்தான் ஒப்படைக்க வேண்டும்.

ஏஆர்-15இன் ஊசி மற்றப் பல ரைஃபிள்களில் இருப்பதைப் போல ஸ்பிரிங்கால் பின்னுக்கு இழுத்துப் பிடிக்கப்பட்டதன்று. அது போல்ட்டைத் தாங்கி நகரும் போல்ட் கேரியருக்குள் தளர்வாக, முன்னும் பின்னும் சற்று நகரும்படி கிடக்கிறது. போல்ட் முன்னே பாய்ந்து பூட்டிக்கொண்டு நிற்கும் கணத்தில், வேகத்தில் இருந்த ஊசி நிற்காமல் தொடர்ந்து சென்று தோட்டாவின் அடியில், இடிபட்டதும் வெடிமருந்தைப் பற்றவைக்கும் ப்ரைமரை லேசாகத் தொட்டுவிடுகிறது. சுடாமல் வெளியே எடுத்த தோட்டாவின் அடியைப் பார்த்தால், ப்ரைமரின் நடுவில் குண்டூசியால் தொட்டதைப் போன்ற சிறு பள்ளம் தெரியும். அது இந்த அமைப்பின் இயல்பு. விசையை இழுக்காமலேயே தோட்டா வெடித்துவிடும் அபாயம் இதில் உண்டு என்பதை அமெரிக்க ராணுவத்தினர் 1960களின் தொடக்கத்திலேயே கண்டுகொண்டு, ஊசியின் எடையைக் குறைத்ததோடு ப்ரைமரின் உணர்திறனுக்கும் வரம்பு விதித்தார்கள். ஊசியின் எடையும் முனையும் அளவும் வடிவமைத்தவர்கள் யோசித்து வைத்தவை என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

பூச்சு எதற்கு என்ற கேள்விக்கு வருவோம். யூஜின் ஸ்டோனர் வடிவமைத்த இந்த ரைஃபிளில், குழலிலிருந்து எடுக்கப்படும் வாயு நேராகப் போல்ட் கேரியருக்குள்ளேயே வந்து விரிவடைகிறது. வெடிமருந்து எரிந்த கரியின் ஒரு பகுதி போல்ட்டின் வால் பகுதியிலும், அதையொட்டி நிற்கும் ஊசியின் வளையத்திலும் கெட்டியாகப் படிகிறது. ராணுவ வரையறைப்படி செய்த ஊசிகளில் கடின குரோம் பூச்சு உண்டு. அது குறைசொல்ல முடியாத பூச்சு. விக்கர்ஸ் அளவில் கடின குரோம் சுமார் 800 முதல் 1,000 வரை கடினமுடையது. டைட்டானியம் நைட்ரைடு 2,000க்கும் மேல். அதனால் தேய்மானம் குறைகிறது; கரி ஆழமாகப் பற்றுவதும் இல்லை. முரட்டுத் துணியால் இரண்டு முறை துடைத்தாலே பெரும்பாலான கரி வந்துவிடும் என்பதே நான் கண்ட முதன்மையான பயன். குறி துல்லியமாகும் என்றோ, ரைஃபிள் வேகமாக இயங்கும் என்றோ எதிர்பார்த்து வாங்க வேண்டாம்.

கடையில் டிரில் பிட்டுகளின் மேல் காணும் அதே பொன்னிறப் பூச்சுதான் இது. வெற்றிட அறையில் ஆவியாகப் படியவைக்கப்படும் இப்பூச்சின் தடிமன் சில மைக்ரான்கள் மட்டுமே. தலைமுடியின் பருமனில் இருபதில் ஒரு பங்கு என்று வைத்துக்கொள்ளலாம். ஆகவே பூச்சினால் ஊசியின் அளவு மாறிவிடும் என்ற அச்சத்துக்கு இடமில்லை. பூச்சுக்கு அடியில் இருக்கும் எஃகைச் சரியாகக் கடையாமல் விட்டிருந்தால்தான் அளவு தவறும். நிக்கல் போரான், கருநிற டிஎல்சி (வைரம் போன்ற கார்பன்) ஆகிய பூச்சுகளும் விற்பனையில் உண்டு. எதை வாங்கினாலும் அடிப்பொருள் எஃகுதானா என்று விவரக் குறிப்பில் உறுதிசெய்துகொள்ளுங்கள்.

ஏனென்றால் டைட்டானியம் நைட்ரைடு பூச்சிட்ட எஃகு ஊசி வேறு, டைட்டானியத்தாலேயே செய்த ஊசி வேறு. பெயர் ஒத்திருப்பதால் மாற்றி வாங்கிவிடுபவர்கள் பலர். டைட்டானியம் ஊசியின் எடை, அதே அளவுள்ள எஃகு ஊசியின் எடையில் பாதியைவிடச் சற்றே அதிகம். பந்தயத்தில் சுடுபவர்கள் சிலர் அதை விரும்புகிறார்கள். ஆனால் கடினமான ப்ரைமர் கொண்ட ராணுவ வகைத் தோட்டாக்களில் அடி போதாமல் போகலாம், முனையும் விரைவில் அரிக்கப்படலாம். நம்பகத்தை முதன்மையாக நினைப்பவருக்குப் பூச்சிட்ட எஃகு ஊசியே ஏற்றது என்பது என் தீர்மானமான கருத்து.

வேலையைத் தொடங்குமுன் மேசையிலும் அறையிலும் தோட்டா ஒன்றுகூட இல்லாதபடி அப்புறப்படுத்துங்கள். குழல் பாதுகாப்பான திசையை நோக்கியிருக்க, முதலில் தோட்டாக்களை அடுக்கும் பெட்டியான மேகசினைக் கழற்றுங்கள். பிறகு சார்ஜிங் ஹேண்டிலை இழுத்துப் போல்ட்டைப் பின்னால் நிறுத்தி, தோட்டா அறையைக் கண்ணாலும் பாருங்கள், சுண்டுவிரலை விட்டும் தடவிப் பாருங்கள். இந்த வரிசை மாறக்கூடாது. மேகசின் உள்ளே இருக்கும்போதே போல்ட்டை இழுத்தால், வெளியேறிய தோட்டாவின் இடத்துக்கு அடுத்தது வந்துவிடும்.

ரைஃபிள் காலியாக இருப்பது உறுதியான பின், போல்ட்டை முன்னே விட்டுவிட்டு, மேல், கீழ்ப் பகுதிகளை இணைக்கும் பின்புற டேக்டவுன் பின்னைத் தள்ளி மேற்பகுதியைத் திறந்து, போல்ட் கேரியரை வெளியே எடுங்கள். கேரியரின் இடப்பக்கத்தில், கொண்டை ஊசியைப் போல இரண்டாகப் பிளந்த ஒரு சிறு கம்பி தெரியும். அதுதான் ஊசியைப் பிடித்துவைக்கும் ரிடெய்னிங் பின். அதை உருவிவிட்டு, கேரியரின் பின்பக்கத்தை உள்ளங்கையை நோக்கிச் சாய்த்தால் ஊசி தானாக விழும். விழாவிட்டால் கரி பிடித்திருக்கிறது என்று பொருள். இடுக்கியால் இழுக்காமல், கரைப்பான் இரண்டு சொட்டு விட்டுச் சற்றுப் பொறுத்திருங்கள்.

பழைய ஊசியின் முனையைப் பத்து மடங்கு பெருக்கிக் காட்டும் லென்ஸில் பாருங்கள். நல்ல முனை அரைக்கோளமாக, வழுவழுப்பாக இருக்கும். எப்போதாவது ப்ரைமர் துளைபட்டிருந்தால், அந்தத் துளை வழியே பீறிட்ட வாயு எஃகை அரித்து, முனையின் ஓரத்தில் கறுத்த பொட்டுப் போன்ற குழியை உண்டாக்கியிருக்கும். அந்தக் குழியின் கூரிய விளிம்பு அடுத்த ப்ரைமரையும் துளைக்கும். இப்படி ஒன்று மற்றொன்றை வளர்க்கும். இத்தகைய ஊசியை அரம் போட்டுச் சரிசெய்ய முயல வேண்டாம்; அதை மாற்றியே ஆக வேண்டும். புதிய ஊசியின் முனையையும் அதே லென்ஸில் பார்த்து, பூச்சு உரிந்தோ கட்டியாகத் திரண்டோ இருந்தால் திருப்பி அனுப்பிவிடுங்கள்.

அடுத்தது அளவு. போல்ட்டைக் கேரியருக்குள் தள்ளி, போல்ட்டைத் திருப்பிப் பூட்டவைக்கும் கேம் பின்னைக் கால் சுற்றுத் திருப்பி மேலே உருவினால், போல்ட் முன்பக்கமாகக் கழன்று வரும். அதன் வாலில் படிந்த கரியை முழுவதும் நீக்குங்கள். ஊசியின் வளையம் போய் முட்டி நிற்பது அந்த வாலில்தான் என்பதால், அங்கே கரி இருந்தால் அளவு குறைவாகக் காட்டும். பிறகு புதிய ஊசியைப் போல்ட்டுக்குள் விட்டு, பின்னாலிருந்து விரலால் முட்டும்வரை அழுத்திப் பிடித்தால், முகப்பில் முனை எட்டிப் பார்க்கும். அது 0.028 அங்குலத்துக்குக் குறையாமலும் 0.036 அங்குலத்துக்கு மிகாமலும் இருக்க வேண்டும். அதாவது ஏறத்தாழ 0.71 முதல் 0.91 மில்லிமீட்டர். இதற்கென்றே விற்கும் தகட்டு கேஜில் இரண்டு வெட்டுகள் இருக்கும். குறைந்த அளவுக்கான வெட்டை முகப்பின் குறுக்கே நகர்த்தினால் முனை அதில் தட்ட வேண்டும்; அதிக அளவுக்கான வெட்டு தட்டாமல் கடந்துபோக வேண்டும். நீட்டம் குறைந்தால் தோட்டா வெடிக்காமல் போகும். மிகுந்தால் ப்ரைமர் துளைபடும்.

நான் முதன்முதலில் வாங்கிய பொன்னிற ஊசி அழகில் குறையில்லாதது. ஆனால் பெரிய வெட்டிலும் அது தட்டியது. போல்ட்டில்தான் பிழையோ என்று ஐயுற்று, பழைய ஊசியை அதே போல்ட்டில் விட்டு அளந்தேன். அது வரம்புக்குள் நின்றது. புதியது 0.038 அங்குலம் நீட்டி நின்றது. அங்குலத்தில் ஆயிரத்தில் இரண்டு பங்கு மிகுதிதான் என்றாலும் அதைப் பொருத்த எனக்கு மனம் வரவில்லை, திருப்பி அனுப்பிவிட்டேன். அளக்காமல் செருகியிருந்தால் பல நூறு தோட்டாக்கள்வரை ஒன்றும் தெரியாமலேயே போயிருக்கலாம் என்பதுதான் இதில் என்னைக் கவலைப்படுத்துகிறது.

அளவு சரியாக இருந்தால் திரும்பப் பொருத்தலாம். போல்ட்டைக் கேரியரில் விட்டு, கேம் பின்னைச் செருகி, அதன் துளை ஊசி செல்லும் வழிக்கு நேராக வரும்படி கால் சுற்றுத் திருப்புங்கள். இந்தக் கேம் பின்னை மறந்துவிட்டுச் சுடுவது மிக ஆபத்தானது. போல்ட் பூட்டிக்கொள்ளாத நிலையிலேயே தோட்டா வெடித்துவிடக்கூடும். தோட்டாவைப் பிடித்து வெளியே இழுக்கும் கொக்கியான எக்ஸ்ட்ராக்டர், தோட்டா வெளியேறும் திறப்பின் பக்கமாக இருக்க வேண்டும். ஊசிக்கு எண்ணெய் பூச வேண்டியதில்லை. எண்ணெய் தொட்ட துணியால் துடைத்து, பிறகு உலர்ந்த துணியால் மீண்டும் துடைத்தால் போதும். மிகுதியான எண்ணெய் கரியைச் சேர்த்துப் பிடித்துக்கொள்ளும்.

ஊசியைப் பின்னாலிருந்து விட்டு முழுவதும் முன்னே செல்லும்படி தள்ளியபின்தான் ரிடெய்னிங் பின்னைச் செருக வேண்டும். அந்தக் கம்பி ஊசியின் பெரிய வளையத்துக்குப் பின்புறமாகச் செல்ல வேண்டும். புதியவர்கள் பெரும்பாலும் தவறுவது இங்கேதான். கம்பியின் பிளவுபட்ட முனைகளை விரித்து வளைக்கவும் கூடாது. அடுத்த முறை கழற்ற முடியாமல் போகும். செருகியபின் போல்ட்டை முன்னுக்கு இழுத்துவைத்து, கேரியரின் பின்பக்கத்தை உள்ளங்கையில் ஓங்கித் தட்டிப் பாருங்கள்; ஊசி வெளியே வந்துவிட்டால் கம்பி தவறான இடத்தில் இருக்கிறது. வராவிட்டால் போல்ட்டை உள்ளே தள்ளி, ஊசியைப் பின்னாலிருந்து விரலால் அழுத்தி, முகப்பில் முனை தெரிகிறதா என்றும், விட்டவுடன் தடையின்றி நகர்கிறதா என்றும் பாருங்கள்.

சுடும் களத்தில் முதலில் மேகசினில் ஒரே ஒரு தோட்டாவை இட்டுச் சுடுங்கள். அடுத்து இரண்டு, பிறகுதான் அதிகம். ஒவ்வொரு வெற்றுத் தோட்டாக் கூட்டையும் பொறுக்கி அதன் ப்ரைமரைப் பாருங்கள். பள்ளம் நடுவில், வட்டமாக, ஓரம் கிழியாமல் இருக்க வேண்டும். விசையை இழுத்தும் வெடிக்கவில்லையென்றால், குழலை இலக்கின் திசையிலேயே வைத்து 30 விநாடிகள் பொறுத்த பின்னரே போல்ட்டைத் திறக்க வேண்டும். ஒரே தோட்டாவைத் திரும்பத் திரும்ப அறைக்குள் ஏற்றும் வழக்கத்தையும் விட்டுவிடுங்கள். ஒவ்வொரு முறையும் ஊசி அதே ப்ரைமரை மறுபடி தொடுகிறது.

சுத்தம் செய்யும்போது எஃகுச் சுரண்டியை ஊசியின் மேல் இழுக்க வேண்டாம். நைலான் தூரிகையும் துணியும் போதும். நிக்கல் வகைப் பூச்சாக இருந்தால் அம்மோனியா கலந்த கரைப்பானைத் தவிருங்கள். கழற்றும்போதெல்லாம் முனையை லென்ஸில் ஒரு முறை பார்த்துவிடுங்கள். பழைய ஊசி நல்ல நிலையில் இருந்திருந்தால், அளந்த நீட்டத்தை ஒரு சீட்டில் எழுதி, அதனுடன் சிறு பையில் இட்டுத் துப்பாக்கிப் பெட்டியிலேயே வைத்திருங்கள். களத்தில் புதிய ஊசி பழுதானால் மாற்றுவதற்கு அதே போல்ட்டில் அளந்து பார்த்த ஒன்று கையில் இருக்கும்.