பெண் இமாம் பின்னால் தொழப் போகிறீர்களா? முதலில் இதைக் கேளுங்கள்

ஐரோப்பாவில் பெண் இமாம் நடத்தும் ஜும்ஆவுக்கு, அதாவது வெள்ளிக்கிழமைக் கூட்டுத் தொழுகைக்கு, போக ஆசையா? முகவரி தேடும் முன்பு, அவருக்குப் பின்னால் யார் நின்று தொழுவார்கள் என்று கேட்டு வையுங்கள். பெண்கள் மட்டும் என்றால் அதற்குப் பழைய முன்மாதிரியே இருக்கிறது. நபியின் மனைவியரான ஆயிஷாவும் உம்மு ஸலமாவும் பெண்களுக்குத் தொழ வைத்ததாக அறிவிப்புகள் உண்டு, ஷாஃபி மத்ஹபில் (சன்னி முஸ்லிம்களின் நான்கு சட்டப் பிரிவுகளில் ஒன்று) அதற்குத் தடை இல்லை, ஹனஃபியில் மக்ரூஹ், அதாவது விரும்பத்தகாதது, என்பார்கள். ஆண்களும் சேர்ந்து நின்றால் விஷயமே வேறு. நான்கு மத்ஹபுகளும் ஏற்காததை, உம்மு வரக்கா என்ற பெண்ணை அவர் வீட்டாருக்குத் தொழ வைக்கச் சொன்னார் நபி என்ற ஹதீஸைக் காட்டிச் சரி என்கிறார்கள், இதை ஆதரிப்பவர்கள். எந்தப் பக்கம் நிற்பது என்பதை நீங்கள்தான் முடிவு செய்யவேண்டும், ஆனால் அங்கே போய் நின்று திகைக்காதீர்கள்.

கோபன்ஹேகனில் ஷெரீன் கான்கான் தொடங்கிய மரியம் பள்ளிவாசலில் 2016 ஆகஸ்டில் முதல் ஜும்ஆ நடந்தது. வெள்ளிக்கிழமை தொழுகை பெண்களுக்கு மட்டும், மற்ற நாட்களில் ஆண்களும் வரலாம். பெர்லினில் செய்ரான் அதெஷ் 2017 ஜூனில் திறந்த இப்னு ருஷ்த்-கோத்தே பள்ளிவாசலில் ஆணும் பெண்ணும் ஒன்றாகவே தொழுகிறார்கள். அது தொடங்கியது ஒரு சர்ச் கட்டிடத்து அறையில்! முக்காடு கட்டாயமில்லை, ஆனால் முகத்தை மூடும் நிகாப் போட்டால் உள்ளே விடமாட்டார்கள். பாரீஸில் காஹினா பஹ்லூலின் ஃபாத்திமா பள்ளிவாசல் இரண்டுக்கும் நடுவில்: ஒரே கூடம், ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம்.

கிளம்பும் முன் மின்னஞ்சல் போட்டு, இந்த வாரம் தொழுகை உண்டா, எங்கே என்று உறுதி செய்துகொள்ளுங்கள். மிரட்டல் காரணமாக பெர்லின் பள்ளியை 2023-ல் பொதுமக்களுக்கு மூட வேண்டி வந்தது. அதெஷ் போலீஸ் பாதுகாப்போடுதான் நடமாடுகிறார், அதனால் வாசலில் சோதனை இருந்தால் முகம் சுளிக்காதீர்கள். அப்புறம், கேட்காமல் யாரையும் படம் எடுக்காதீர்கள். அவர்கள் இங்கே வருவது வீட்டுக்குத் தெரியாமல்கூட இருக்கலாம்.

நிக்காஹ்வுக்காகப் போகிறவர்கள் ஒப்பந்தத்தை வரி வரியாகப் படியுங்கள். எனக்கென்னவோ, யார் முன்னால் நின்று தொழ வைக்கிறார் என்பதைவிட ஒரு பெண்ணின் வாழ்க்கையில் அதிகம் வேலை செய்வது இந்தக் காகிதம்தான். மரியம் பள்ளியின் ஒப்பந்தத்தில் இரண்டாவது மனைவிக்கு இடமில்லை, மனைவிக்கும் தலாக் உரிமை உண்டு, அடித்தாலோ மனரீதியாக வதைத்தாலோ திருமணம் ரத்து, பிரிந்தால் பிள்ளைகள் மேல் இருவருக்கும் சம உரிமை.

பிரான்ஸில் என்றால் முதலில் நகராட்சியில் சிவில் திருமணம், பிறகுதான் நிக்காஹ். இமாம் ஆணோ பெண்ணோ, அங்கே சட்டம் அதுதான்.