கதைக்கு ஒரு நெபுலா செய்வது எப்படி?

இயற்பியல் டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள் என்பதால், விண்வெளிக் கதை எழுதும் பிள்ளைகள் கைப்பிரதியை என்னிடம் கொண்டுவந்து நீட்டிவிடுகிறார்கள். பெரும்பாலானவற்றில் ஒரு நெபுலா, அதாவது விண்வெளியில் பரவிக் கிடக்கும் வாயுவும் தூசியுமான மேகம், வரும். கப்பல் உள்ளே நுழையும், ரோஜா நிறப் புகை சூழும், கடிகாரம் நிற்கும், காரணமே இல்லாமல் எல்லோரும் அழுவார்கள். அப்புறம் கப்பல் வெளியே வந்துவிடும். நெபுலா காலத்தையும் மனசையும் குழப்பட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை. எப்படிக் குழப்புகிறது என்று எழுதியவருக்கே தெரியவில்லை என்பதுதான் பிரச்சினை.

முதலில் நிஜமான ஒன்றைப் பார்த்துவிடுங்கள். டிசம்பரிலிருந்து மார்ச் வரை, இரவு ஒன்பது மணி வாக்கில் மொட்டை மாடிக்குப் போனால் ஓரியன் நட்சத்திரக் கூட்டம் தெரியும். திருவாதிரை இருப்பதும் அதில்தான். வரிசையாக நிற்கும் மூன்று நட்சத்திரங்களுக்குக் கொஞ்சம் தெற்கே, வாள் மாதிரி தொங்கும் மங்கலான வரிசையின் நடுவில் இருப்பது ஓரியன் நெபுலா. சாதாரண 10x50 பைனாகுலர் போதும். வெளிறிய ஒரு திட்டு தெரியும். சிவப்பு தெரியாது. ஹைட்ரஜனின் அந்தச் சிவப்பைக் கேமரா நேரமெடுத்துச் சேர்த்துக்கொள்கிறது. மங்கலான வெளிச்சத்தில் நம் கண்ணுக்கு நிறம் பிடிபடாது.

“கிட்டே போனால் தெரியுமே டீச்சர்” என்பார்கள். தெரியாது. நெருங்க நெருங்க நமக்கு வரும் ஒளி எவ்வளவு கூடுகிறதோ, வானில் அது அடைத்துக்கொள்ளும் இடமும் அதே அளவு கூடிவிடும். நெபுலா பெரிதாகுமே தவிரப் பிரகாசமாகாது. உள்ளே போனவருக்குக் கப்பலைச் சுற்றிப் புகையும் இருக்காது. ஒரு கன சென்டிமீட்டரில் சில நூறு அல்லது சில ஆயிரம் அணுக்கள், அவ்வளவுதான். நாம் மூச்சுவிடும் காற்றில் அதே இடத்தில் சுமார் இரண்டரை லட்சம் கோடி கோடி மூலக்கூறுகள் இருக்கின்றன. ஆகவே கப்பல் நெபுலாவுக்குள் நுழையும் அந்தப் பிரமாதமான பத்தியை அடித்துவிடுங்கள். நுழைந்ததே தெரியாமல் நுழைந்திருக்கட்டும். அதுவே எவ்வளவு திகில், யோசித்துப் பாருங்கள்.

சரி, காலம். ஈர்ப்பு அதிகமுள்ள இடத்தில் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பது உண்மை. ஜிபிஎஸ் செயற்கைக்கோளின் கடிகாரம் தரையில் உள்ளதைவிட ஒரு நாளைக்கு 38 மைக்ரோ நொடி முந்துகிறது. அதைத் திருத்தாவிட்டால் உங்கள் போன் தப்பான தெருவைக் காட்டும். ஆனால் நெபுலாவின் ஈர்ப்பை நம்பிக் கதை கட்ட முடியாது. ஓரியன் நெபுலாவில் ஏறத்தாழ 2,000 சூரியன்களின் நிறை இருக்கிறது என்றாலும் அது 24 ஒளியாண்டு, அதாவது ஒளியே கடக்க 24 வருடம் எடுக்கும் அகலத்துக்குப் பரவிக் கிடக்கிறது. கணக்குப் போட்டால், அங்குள்ள கடிகாரம் ஒரு நொடி பின்தங்க ஆயிரம் வருடம் போல ஆகும். அதை வைத்து யாரை அழவைப்பது?

அகலத்தைப் பயன்படுத்துங்கள் என்பதுதான் என் யோசனை. நெபுலாவே பழைய சேதிகளின் கிடங்கு. இன்றிரவு நாம் பார்க்கும் ஓரியன் நெபுலாவின் ஒளி பல்லவர் காலத்தில் கிளம்பியது. இதைவிட விசித்திரமான ஒன்றும் உண்டு. 1572-ல் டென்மார்க் வானியலாளர் டைக்கோ பிராகே ஒரு நட்சத்திர வெடிப்பைப் பார்த்தார். நேரே வந்த ஒளி அப்போதே பூமியைக் கடந்து போய்விட்டது. வேறு பக்கம் போன ஒளி தூசிப் படலங்களில் பட்டுத் திரும்பி, சுற்றுவழியில் வந்து சேர்ந்தது. 2008-ல் வானியலாளர்கள் அதைப் பிடித்து, நிறம் நிறமாகப் பிரித்து நிறமாலையே எடுத்துவிட்டார்கள். ஒளியின் எதிரொலி என்பார்கள் இதை.

இனி உங்கள் பொய்யைச் சொல்லலாம். ஒன்றே ஒன்றுதான் அனுமதி. காலத்துக்கு ஒரு விதி, உணர்ச்சிக்கு இன்னொரு விதி என்று வைத்தால் கதை இரண்டாகப் பிளந்துவிடும். நான் பிள்ளைகளுக்குக் கொடுக்கும் விதி இது: இந்த நெபுலாவில் பலமாக எழும் எந்த உணர்ச்சியும் ஒளி வேகத்தில் கிளம்பிப் போய், தூசியில் பட்டு, மங்கலாகத் திரும்பி வரும். வரும்போது எதிரில் யார் இருக்கிறார்களோ அவர்கள் மேல் படும்.

இதை வைத்துக் கணக்குப் போடுங்கள். கப்பலிலிருந்து மூன்று ஒளிநாள் தூரத்தில் ஒரு தூசிச் சுவர். மூன்றாம் நாள் கேப்டன் கயலுக்கு அடக்க முடியாத கோபம்; பல்லைக் கடித்துக்கொண்டு சிரிக்கிறாள். போக மூன்று நாள், வர மூன்று நாள். ஒன்பதாம் நாள் அடுப்படியில் வெங்காயம் நறுக்கும் மரியதாசுக்குச் சுரீரென்று ஏறுகிறது. எதனால் என்று அவருக்குத் தெரியாது. இந்த இடத்தைத்தான் நிதானமாக எழுத வேண்டும். காரணமில்லாத கோபத்தை மனசு சும்மா விடாது, ஒரு காரணத்தைத் தேடிப் பிடிக்கும். கத்தி மொக்கை, வெங்காயம் அழுகல், நேற்று யாரோ சோற்றைக் குறை சொன்னார்கள். அவர் அந்த ஆளிடம் போய்ச் சண்டை பிடிப்பார். அது புதுக் கோபம். அதுவும் கிளம்பிப் போகும், பதினைந்தாம் நாள் திரும்பும்.

“திடீரென்று அவரைச் சோகம் சூழ்ந்தது” என்று மட்டும் தயவுசெய்து எழுதாதீர்கள். தொண்டை இறுகுவதையும் கை நிற்பதையும் எழுதுங்கள். அப்புறம் அவர் கண்டுபிடித்த அந்தத் தப்பான காரணத்தை எழுதுங்கள். சோகம் என்ற பெயரை வாசகர் வைத்துக்கொள்வார்.

விதியைக் கேப்டன் வாயால் விளக்கவும் வேண்டாம். மருத்துவர் யாராவது ஒரு நோட்டில் நாள்வாரியாகக் குறித்துவைத்து, ஆறு நாள் இடைவெளியைக் கவனிக்கட்டும். ஆறில் அடங்காத ஒன்றும் அந்த நோட்டில் இருக்க வேண்டும். யாருக்கும் பொருந்தாத, மிக மங்கலான ஒரு பயம். இருபது ஒளியாண்டு தள்ளி இன்னொரு தூசிப் படலம் இருந்தால், நாற்பது வருடத்துக்கு முன் இதே இடத்தில் தொலைந்த கப்பலின் பயம் இப்போதுதான் வந்துகொண்டிருக்கும். கதை இங்கேதான் ஆரம்பிக்கிறது என்பது என் கட்சி. அதற்கு முன்னால் உள்ளதை நான்கு பக்கத்துக்குள் முடியுங்கள்.

கப்பலுக்குள் பகல் இரவு இல்லையென்றால் நாள் எண்ணுவதே தடுமாறும். அதையும் சேர்க்கலாம், ஆதாரம் இருக்கிறது. 1962-ல் பிரெஞ்சுக்காரர் மிஷேல் சிஃப்ர் கடிகாரம் இல்லாமல் இரண்டு மாதம் ஒரு குகைக்குள் இருந்தார். செப்டம்பர் 14-ல் வெளியே வந்தபோது ஆகஸ்ட் 20 என்று நினைத்துக்கொண்டிருந்தார். 120 வரை நொடிக்கு ஒன்றாக எண்ணச் சொன்னால் அவருக்கு ஐந்து நிமிடம் பிடித்ததாம். மனிதர்கள் எண்ணும் நாளும் கருவி காட்டும் நாளும் ஒத்துப்போகாத கப்பலில் அந்த மருத்துவரின் நோட்டு என்ன பாடுபடும்!

பெயரைக் கடைசியில் வையுங்கள். உள்ளே இருப்பவர்கள் வைக்கும் பட்டப்பெயராக இருந்தால் நல்லது. வானியல் பட்டியலில் வரும் எண் ஒன்றும் இருக்கட்டும், அதிகாரிகள் அதைத்தான் சொல்வார்கள்.

முதல் வரைவு முடிந்ததும் ஒரு முழுத் தாளை எடுத்து, யாருடைய உணர்ச்சி எந்த நாள் கிளம்பியது, எந்தச் சுவரில் பட்டது, யார் மேல் எப்போது வந்தது என்று கட்டம் போடுங்கள். எங்காவது நாள் இடிக்கும். அப்போது மரியதாசைப் பன்னிரண்டாம் நாள் வரை காத்திருக்க வைக்காதீர்கள், சுவரை இழுத்துக் கிட்டே வையுங்கள். என்னிடம் கொண்டுவரும்போது அந்தத் தாளையும் சேர்த்துக் கொண்டுவந்தால் நான் சீக்கிரம் படித்துத் தருவேன்.