இன்டர்வியூ முடிந்ததும் முதல் வேலை

இன்டர்வியூ சரியாகப் போகவில்லையா? கேட்ட கேள்விகளை அன்றைக்கே, சூடு ஆறுவதற்குள் எழுதி வைத்துவிடுங்கள். டைடல் பார்க் பக்கம் போய்விட்டுத் திரும்புகிறீர்கள் என்றால், திருவான்மியூர் ஸ்டேஷனில் பறக்கும் ரயிலுக்குக் காத்திருக்கும் நேரமே போதும். மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டால், 'சொதப்பிட்டோமே' என்ற நினைப்புதான் மிஞ்சும். எந்தக் கேள்வியில் தடுமாறினோம் என்பது மறந்துபோகும்.

கேள்வியை அவர்கள் கேட்ட வார்த்தையிலேயே எழுதுங்கள். பக்கத்தில் நீங்கள் சொன்ன பதில். "முந்தைய வேலையை ஏன் விட்டீர்கள்?" என்பதற்குச் சுற்றி வளைத்துப் பேசியிருந்தால் அதையும் அப்படியே எழுதுங்கள். அப்புறம் அதே பதிலை நான்கு வரியில் திருத்தி, போனில் பேசிப் பதிவு செய்து கேட்டுப் பாருங்கள். எங்கே இழுக்கிறோம், எங்கே குரல் இறங்குகிறது என்பது நம் காதுக்கே தெரிந்துவிடும். என்னைக் கேட்டால், மாதிரி கேள்வி-பதில் வீடியோக்களை வரிசையாகப் பார்ப்பதைவிட இது பலன் தரும்.

விஷயமே தெரியாமல் மாட்டிய கேள்விகளுக்குப் படித்துத்தான் ஆக வேண்டும். வீட்டில் அமைதி இல்லாதவர்களுக்குக் கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகம் இருக்கிறது. சொந்தப் புத்தகம் கொண்டுபோய்ப் படிக்க அங்கே தனிப் பகுதியே உண்டு.

பதில்களெல்லாம் நன்றாக இருந்தும் வேலை கிடைக்கவில்லையா? உங்களை நொந்துகொள்ளாதீர்கள். உள்ளேயே ஆளை முடிவு செய்திருக்கலாம், அந்த இடத்தையே நிறுத்தி வைத்திருக்கலாம். ஹெச்.ஆருக்கு இரண்டு வரியில் நன்றி சொல்லி, எதில் தேற வேண்டும் என்று மெயிலில் கேளுங்கள். பலர் பதில் போடமாட்டார்கள், பரவாயில்லை. போட்டால் அதையும் அதே நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள்.