வக்ஃப் நிர்வாக வழக்கில் கெடு தாண்டிவிட்டதா? தாமத மனு போடும் முறை

வக்ஃப் (இஸ்லாமிய அறக்கொடைச் சொத்து) வழக்கில் கெடு தாண்டியதை மன்னிக்கக் கேட்பதுதான் தாமத மனு. முதலில் கெடுவை விரல் விட்டு எண்ணுங்கள். முத்தவல்லியை (வக்ஃப் நிர்வாகியை) நீக்கி வக்ஃப் வாரியம் போட்ட உத்தரவை எதிர்த்து வக்ஃப் சட்டம் 64-ஆம் பிரிவின்கீழ் வக்ஃப் தீர்ப்பாயத்துக்குப் போக, உத்தரவு கிடைத்த நாளிலிருந்து ஒரே மாதம்தான். தீர்ப்பாயத்தின் உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய, 2025 திருத்தத்துக்குப் பின் 90 நாள். நீலகிரி வழக்கென்றால் சென்னை. கொடைக்கானல் பக்கம் என்றால் மதுரைக் கிளை.

தீர்ப்பாய உத்தரவு ஜூன் 3 அன்று கைக்கு வந்தால் அந்த நாளை விட்டுவிடுங்கள். ஜூன் 4 முதல் நாள். 90-ஆவது நாள் செப்டம்பர் 1. செப்டம்பர் 25 தாக்கல் செய்தால் தாமதம் 24 நாள். 'சுமார் ஒரு மாதம்' என்று மனுவில் எழுதினால் பதிவகம் திருப்பி அனுப்பிவிடும். சரிசெய்து மறுதாக்கல் செய்வதிலும் நாள் ஓடிவிட்டால் அதற்குத் தனியாக இன்னொரு தாமத மனு போட வேண்டிவரும்.

உத்தரவு வந்த தபால் உறையை எறிந்துவிடாதீர்கள். அதன்மேல் உள்ள அஞ்சல் முத்திரைதான் கெடு எப்போது தொடங்கியது என்பதற்குச் சாட்சி. பள்ளிவாசல் அலுவலகத்தில் யாரோ வாங்கி அலமாரியில் வைத்த உறைதான் பாதி வழக்குகளில் வினை. 'எனக்குத் தெரியாது' என்று முத்தவல்லி சொல்வார். ஜமாஅத் பெயரில் கையெழுத்துப் போட்டு வாங்கிய ஒப்புகைச் சீட்டை எதிர்த்தரப்பு எடுத்து நீட்டும்.

தாமத மனுவோடு போடும் பிரமாணப் பத்திரத்தின் உயிர், கெடு முடிந்த நாளிலிருந்து தாக்கல் நாள் வரையிலான விளக்கம். மலைப்பாதையில் மண்சரிவு என்றால் எந்தத் தேதியில் சாலை அடைபட்டது, எப்போது திறந்தது என்பதற்கு அறிவிப்போ நாளிதழ்ச் செய்தியோ இணைக்க வேண்டும். மூன்று நாள் அடைப்பு மூன்று நாளுக்குத்தான் பதில் சொல்லும். மீதி 21 நாளுக்கு? செயலாளர் மருத்துவமனையில் இருந்தார் என்றால் டிஸ்சார்ஜ் சம்மரி வேண்டும். கூடவே தலைவர் ஏன் கையெழுத்திடவில்லை என்ற கேள்வி வரும். வழக்கு நடத்த யாருக்கு அதிகாரம் என்று தீர்மானப் புத்தகத்தில் எழுதிய பக்கத்தின் நகலையும் சேருங்கள். 'நிர்வாகிகள் மாறிவிட்டார்கள்' என்பது தனியாக நிற்காது.

நீதிமன்றங்கள் நாள் கணக்கைவிடக் காரணத்தைத்தான் பார்க்கின்றன. 1987-இல் காதிஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் தாராளமாகப் பார்க்கச் சொன்னது. 1998-இல் பாலகிருஷ்ணன் எதிர் கிருஷ்ணமூர்த்தி வழக்கில் 883 நாள் தாமதத்தையே மன்னித்தது. ஆனால் 2012-இல் அரசுத் துறைக்கும் தனிச் சலுகை இல்லை என்றது. 2013-இல் பசவராஜ் வழக்கில் அலட்சியத்தை இரக்கத்தால் மன்னிக்க முடியாது என்றது. வக்கீல்கள் முதலிரண்டை மட்டும் மேற்கோள் காட்டுவது வழக்கம். நீதிபதிக்கு நான்கும் தெரியும்.

தவறான இடத்தில் வழக்குப் போட்டிருந்தால் கதை வேறு. உதகை சிவில் நீதிமன்றத்தில் தொடுத்து, சிவில் நீதிமன்றம் விசாரிப்பதை வக்ஃப் சட்டம் 85-ஆம் பிரிவு தடுக்கிறது என்று திரும்பி வந்தால், அங்கே நல்லெண்ணத்தோடும் விழிப்போடும் நடத்திய காலத்தைக் காலவரையறைச் சட்டம் 14-ஆம் பிரிவின்படி கழிக்கக் கேட்கலாம். தாக்கல் செய்த தேதிக்கும் திருப்பப்பட்ட தேதிக்கும் சான்றிட்ட நகல் வேண்டும். திருப்பப்பட்ட பிறகு வீட்டில் கிடந்த நாள்கள் கழியாது.

காலவரையறைச் சட்டம் 5-ஆம் பிரிவு தரும் தாமத மன்னிப்பு மேல்முறையீட்டுக்கும் மனுவுக்கும்தான். மூல வழக்குக்குக் கிடையாது. வக்ஃப் சொத்தை மீட்கக் காலவரம்பே இல்லை என்ற வக்ஃப் சட்டத்தின் பழைய 107-ஆம் பிரிவும் 2025-இல் மாறிவிட்டது. அசையாச் சொத்து உரிமை கோரும் வழக்குகளுக்குக் காலவரையறைச் சட்டம் இப்போது பொருந்தும். 2025 செப்டம்பர் 15 இடைக்கால உத்தரவில் உச்ச நீதிமன்றம் இந்த மாற்றத்தை நிறுத்திவைக்கவில்லை. பழைய தைரியத்தில் உட்கார்ந்திருக்கும் ஜமாஅத்துகள் இதைக் கவனிக்க வேண்டும். வக்ஃப் சொத்து விவரங்களை ஏற்றும் மத்திய அரசின் உமீத் இணையதளப் பதிவுக்கோ வேறு கணக்கு: போதிய காரணம் காட்டினால் தீர்ப்பாயம் ஆறு மாதம் வரை நீட்டலாம், அதற்குமேல் அதற்கே அதிகாரமில்லை.

மனு ஏற்கப்பட்டாலும் எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்வதுண்டு. அதற்கும் தேதி போட்டிருப்பார்கள். அந்தத் தேதிக்குள் கட்டாவிட்டால் மனு தானாகவே தள்ளுபடியாகும் என்று உத்தரவிலேயே எழுதியிருக்கலாம். உத்தரவின் கடைசிப் பத்தியைப் படித்து, உடனே கட்டி, ரசீதைத் தாக்கல் செய்யுங்கள்.